திரையில் மலையகத்து மூதாட்டி

தேயிலைப் பெட்டிகளின் மீது அச்சிடப்படும் பெண்ணுக்கு வயது ஏறுவதில்லை. ஒரு நூற்றாண்டுக்கும் மேலாக அவள் இருபதைத் தாண்டாதவளாகவே நிற்கிறாள். தலையில் கூடைக் கயிறு, முதுகில் கூடை, விரல் நுனியில் இரண்டு இலையும் ஒரு மொட்டும், முகத்தில் சலியாத ஒரு புன்னகை. 1867-ஆம் ஆண்டில் லூல்கந்துரையில் ஜேம்ஸ் டெய்லர் தேயிலை பயிரிட்டார். பின்னர் கோப்பிச் செடியை நோய் அழித்தது. 1890-ஆம் ஆண்டில் தோமஸ் லிப்டன் வந்து தோட்டங்களை வாங்கினார். அன்று தொடங்கிய விளம்பரக் கலைக்கு இந்த இளம் பெண்ணே முதலாயினாள். ஆனால் ஹட்டனிலோ நுவரெலியாவிலோ ஒரு மலைச் சரிவைப் பார்த்தவர்கள் அறிவார்கள்: நிரையில் நிற்போர் அனைவரும் இளம் பெண்களல்லர். பதினெட்டு வயதுப் பேத்திக்கு அடுத்த நிரையில் ஐம்பது வயதுப் பாட்டி நிற்பாள். மழைக்குக் கம்பளியைத் தலையில் போட்டு, இடுப்பில் படங்குச் சாக்கைக் கட்டிக்கொண்டு, பேத்தியைவிடச் சில றாத்தல் கூடுதலாகவும் எடுத்துவிடுவாள். படம் பிடிக்க வந்தவர்களுடைய கருவி மட்டும் பேத்தியின் பக்கமே திரும்பிற்று.

இவ்வாறு திரும்பிய கருவிகளுள் மிகப் புகழ் பெற்றது 1934-ஆம் ஆண்டில் வந்தது. இலங்கைத் தேயிலைப் பிரசார சபையின் பொருளுதவியோடு, ஜோன் கிரியர்சனின் மேற்பார்வையில், பாசில் ரைட் என்னும் ஆங்கிலேயர் 'இலங்கையின் கீதம்' என்ற விவரணப் படத்தை எடுத்தார். பதினேழாம் நூற்றாண்டில் கண்டிச் சீமையில் சிறைப்பட்டிருந்த றொபட் நொக்ஸ் எழுதிய நூலிலிருந்து பகுதிகளை லயனல் வென்ட் பின்னணியில் வாசிக்கிறார். படத்தின் மூன்றாம் பகுதி வாணிபத்தின் குரல்களைப் பற்றியது. உழைப்பவரின் உருவங்கள் திரையில் அசைய, அவற்றின் மேல் சந்தை விலையும் கப்பற் செய்தியும் வியாபாரக் கடிதங்களும் ஒலிக்கின்றன. இது கூரிய யுக்தி என்பதில் ஐயமில்லை. உழைப்பவரும் விலை பேசுபவரும் ஒருவரை ஒருவர் காணாத உலகத்தை அது காதால் உணர்த்துகிறது. ஆயினும் அப்படத்தில் பேசுகின்ற குரல்களுள் கொழுந்து எடுப்பவளின் குரல் இல்லை. இளையவள் வாய் திறக்காத படத்தில் முதியவளைத் தேடுவது வீண்.

இருபது ஆண்டுகள் கழித்து, 1954-இல், ஹொலிவூட் வந்தது. 'யானைத் தடம்' எனப் பொருள்படும் அப்படத்தில் தேயிலைத் தோட்டத் துரையின் பங்களா, அவருடைய இளம் மனைவி, கொள்ளை நோய், யானைக் கூட்டம் எல்லாம் உண்டு. தொழிலாளர் திரளாக மட்டும் உண்டு. அப்படத்தின் பின்புலக் கதை ஒன்று இங்கே குறிப்பிடத் தகும். துரைசானி வேடத்துக்கு முதலில் அமர்த்தப்பட்டு இலங்கைக்கு வந்து நடித்தவர் விவியன் லீ. அவருக்கு அப்போது வயது முப்பத்தொன்பது. உடல்நலமும் மனநலமும் குன்றி அவர் விலக நேர்ந்தபோது அவ்விடத்துக்கு வந்தவர் இருபத்தொரு வயதுடைய எலிசபெத் டெய்லர். காரணம் நோயேயன்றி வயதன்று. எனினும், ஒரே வேடத்துக்கு முப்பத்தொன்பதும் இருபத்தொன்றும் ஒன்றாகவே கொள்ளப்பட்டது சிந்திக்கத் தக்கது. பங்களாவின் உள்ளேயே பெண்ணின் வயதுக்கு மதிப்பு இவ்வளவுதான் என்றால், லயத்தில் இருந்தவளைப் பற்றிச் சொல்ல வேண்டுவதில்லை.

சினிமா வருவதற்கு முன் மலையக மக்களுக்குக் கூத்து இருந்தது. மாசி மாதத்தில் காமன் கூத்து. மற்றக் காலங்களில் அருச்சுனன் தபசும் பொன்னர் சங்கரும். இவற்றில் பெண் வேடத்தை ஆண்களே கட்டினர். கணவன் எரிந்து சாம்பலானதும் ரதி புலம்பும் இடத்தில் சுற்றி நின்ற கிழவிகள் விம்முவார்கள். ஏனெனில் ஒப்பாரி அவர்களுடைய சொந்தக் கலை. பொன்னர் சங்கரின் தாயாகிய தாமரை பிள்ளை வரம் வேண்டித் தவங்கிடந்தவள். அவள் கதையைத் தமிழகத்திலிருந்து சுமந்து வந்த தலைமுறை, அட்டைக் கடியும் குளிரும் நிறைந்த புதுக் காட்டில் அதைத் திரும்பத் திரும்பச் சொல்லிற்று. கதை சொன்னவர்களும் தாலாட்டும் ஒப்பாரியும் காத்தவர்களும் பெரும்பாலும் முதிய பெண்களே. சி. வி. வேலுப்பிள்ளை தொகுத்த மலைநாட்டு மக்கள் பாடல்கள் 1983-இல் நூலாக வந்தபோது, எழுத்தறியாத அவ்வாய்களிலிருந்த செல்வத்தின் ஒரு பகுதி அச்சேறிற்று.

இந்தச் சூழலுக்குத்தான் சென்னைப் படங்கள் வந்தன. சம்பளம் கிடைத்த வாரத்தில் ஹட்டன், தலவாக்கலை, நாவலப்பிட்டி ஆகிய பட்டினங்களுக்கு மக்கள் கோச்சியிலும் பஸ்ஸிலும் கால்நடையாகவும் இறங்கினர்.

அக்காலத் திரையில் ஒரு முதிய பெண் முழுப் படத்தையும் தாங்கியது 1953-ஆம் ஆண்டின் 'ஔவையார்'. ஜெமினி ஸ்டூடியோவில் எஸ். எஸ். வாசன் தயாரிக்க, கொத்தமங்கலம் சுப்பு இயக்கினார். ஔவையாக நடித்தவர் கே. பி. சுந்தராம்பாள். இலங்கை நாடக மேடைகளிலும் பாடி நடித்து இந்நாட்டு இரசிகரின் அன்பைப் பெற்றவர் அவர். மணத்துக்கு நாள் குறிக்கப்பட்ட இளம் பெண் ஒருத்தி பிள்ளையாரை வேண்டி முதுமையை வரமாகப் பெறுகிறாள். முதுமை இங்கே இழப்பன்று, விடுதலை. கோலூன்றி ஊர் ஊராய் நடக்கவும், அரசரிடம் அச்சமின்றிப் பேசவும், விரும்பிய இடத்தில் அமர்ந்து பாடவும் அவளுக்கு நரை உரிமை தருகிறது. சுந்தராம்பாள் அதே வேடத்தில் 1965-இன் 'திருவிளையாடல்' படத்திலும் 1967-இன் 'கந்தன் கருணை' படத்திலும் தோன்றினார்.

ஆனால் ஔவைக்கு வாரிசு உண்டாகவில்லை. திரையை ஆண்டவள் அழுகின்ற தாய். அவள் எவ்வாறு உருவானாள் என்பதைப் பி. கண்ணாம்பாவின் வாழ்விலேயே காணலாம். 1942-இல் 'கண்ணகி'யாக மதுரையை எரித்தவர் அவர். 1954-இல் 'மனோகரா'வில் அவரே அரசித் தாயானார். பொறுமையின் எல்லையில் மகனுக்குக் கட்டளை இடும் அந்தக் காட்சியில் பழைய கண்ணகியின் கனல் இன்னும் எரிந்தது. பின்னர் 'தாய்க்குப் பின் தாரம்' (1956), 'தாய் சொல்லைத் தட்டாதே' (1961) ஆகிய படங்களில் அவர் எம். ஜி. ஆரின் தாயாக நடித்தார். கண்ணாம்பா பிறந்தது 1911-இல், எம். ஜி. ஆர். பிறந்தது 1917-இல். தாய்க்கும் மகனுக்கும் இடையே ஆறு ஆண்டுகளே! அடுத்து வந்த பண்டரிபாயின் நிலை இன்னும் விந்தையானது. 1952-இல் 'பராசக்தி'யில் சிவாஜி கணேசனின் காதலியாக நடித்த அவர், 1968-இல் 'குடியிருந்த கோயில்' படத்தில் எம். ஜி. ஆருக்குத் தாயானார். உண்மை வாழ்வில் அந்தத் தாய் தம் மகனைவிடப் பத்து ஆண்டுகளுக்கு மேல் இளையவர். ஆண் நடிகர் ஐம்பதிலும் காதலராக இருக்க, பெண் நடிகை நாற்பதைக் காணுமுன்னரே தலையில் வெள்ளை பூசிக்கொள்ள வேண்டியிருந்தது. திரையில் முதிய பெண்ணை மக்கள் கண்டனர் என்பதைவிட, இளம் பெண் ஒருத்தி முதுமையை நடிப்பதைக் கண்டனர் என்பதே பொருத்தம். உண்மையான சுருக்கம் விழுந்த முகம், சிரிப்புக்கென்று வரும் பாட்டிக்கே விடப்பட்டது. எஸ். என். லட்சுமி போன்ற ஆற்றல் மிக்க கலைஞர்கூட 1990-இல் வந்த 'மைக்கேல் மதன காமராஜன்' படத்தில் கைக்குக் கிடைத்ததை ஒளித்துக்கொள்ளும் பாட்டியாகவே பலர் நினைவில் நின்றார்.

இருந்தும் மலையகம் அந்தத் தாயை மனமார ஏற்றது. எம். ஜி. ஆர். நாவலப்பிட்டியில் பிறந்தவர் என்ற பெருமை அதற்கு ஒரு காரணம். தந்தை இறக்க, தாய் சத்தியபாமா குழந்தைகளோடு வறுமையில் உழன்ற கதையைத் தோட்டங்களில் அறியாதவர் இல்லை. திரையில் அவர் தாயின் காலில் விழும்போது அது நடிப்பென்று எவரும் எண்ணவில்லை. மற்றொரு காரணம் ஆழமானது. திரைத் தாய் வீட்டில் இருந்தாள். மகன் வரும்வரை விளக்கேற்றிக் காத்திருந்தாள். வறுமை மிகுந்தால் தையல் மெஷினை மிதித்தாள். மலையகத் தாயோ இருள் பிரியுமுன் பெரட்டுக் களத்தில் நிற்க வேண்டியவள். பிள்ளையைப் பிள்ளைக் காம்பராவில் விட்டு மலையேறுவாள். கொழுந்து குறைந்தால் அரைப் பேர். மாலையில் திரும்பி அடுப்பை மூட்டுவாள். காத்திருப்பதற்கு அவளுக்கு நேரம் கிடைத்ததில்லை. அவள் திரையில் கண்டு கண்ணீர் வடித்தது தன்னையா, தனக்குக் கிடைக்காத ஓய்வையா என்பது எளிதில் விடை காணக்கூடிய வினாவன்று. சம்பளம் வாங்கும் தாயைச் சென்னைப் படம் அறியவில்லை. மலையகத்திலும் அந்தச் சம்பளம் ஆணுக்கு நிகராக வந்தது 1984-இல்தான்.

இதே காலத்தில் வங்காளத்தில் வேறொன்று நிகழ்ந்தது. 1955-இல் வெளிவந்த 'பதேர் பாஞ்சாலி'க்காகச் சத்யஜித் ராய் எண்பது வயதை எட்டிய சுனிபாலா தேவியைத் தேடிப் பிடித்தார். பழைய மேடை நடிகை, உலகம் மறந்துபோனவர். கூன் விழுந்த முதுகு, பல்லில்லாத வாய், கந்தைச் சேலை. சிறுமி துர்கா கொண்டுவரும் கொய்யாப் பழத்தை ஆசையோடு தின்னும் அந்தக் கிழவி புனிதவதியுமல்லள், வில்லியுமல்லள். வீட்டில் ஒரு வாய் கூடுதல் என்று எண்ணப்பட்டு, மூங்கில் தோப்பில் யாருமின்றி உயிர் விடுகிறாள். படம் வெளிவருமுன் சுனிபாலாவும் காலமாகிவிட்டார்.

இலங்கையிலே தமிழ்ப் படம் தயாராகத் தொடங்கியது 1960-களில். 1962-இல் 'சமுதாயம்' வந்தது. மறு ஆண்டில் கிருஷ்ணகுமாரின் 'தோட்டக்காரி' வந்தது. பெயரிலேயே மலையகப் பெண்ணை ஏற்றி வைத்த படம் அது. ஆயினும் தோட்டக்காரி என்றால் கதாநாயகி, கதாநாயகி என்றால் இளையவள் என்னும் வாய்பாட்டை அது மாற்றவில்லை. 1975-இல் தொழிற்சங்கத் தலைவர் வி. பி. கணேசன் தயாரித்து நடித்த 'புதிய காற்று' வந்தது. எஸ். இராமநாதன் இயக்கினார். லயமும் மலையும் தொழிலாளர் துயரும் தமிழ்த் திரையில் ஏறியதைக் காணத் தோட்டங்களிலிருந்து மக்கள் திரண்டனர். பட்டணத்து விமர்சகர் சிலருக்கு அது சென்னைப் பாணியின் நிழலாகத் தோன்றியிருக்கலாம். ஆனால் தம் ஊர்ப் பெயரைத் திரையில் முதன்முறை கேட்ட ஒருவருக்கு அந்த விமர்சனத்தால் ஆவதென்ன?

அப்படம் வந்த ஆண்டுகளை எண்ணிப் பார்த்தால், முதிய பெண்களின் கதை எவ்வளவு அருகில் கிடந்தது என்பது விளங்கும். 1947-ஆம் ஆண்டுத் தேர்தலில் மலையகத் தமிழர் வாக்களித்து இலங்கை இந்தியக் காங்கிரசின் எழுவரைப் பாராளுமன்றத்துக்கு அனுப்பினர். மறு ஆண்டிலேயே பிரஜாவுரிமைச் சட்டம் அவர்களை நாடற்றோர் ஆக்கிற்று. 1964 ஒக்டோபரில் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் லால் பகதூர் சாஸ்திரியும் செய்த உடன்படிக்கை, 5,25,000 பேர் இந்தியாவுக்கு என்றும் 3,00,000 பேர் இலங்கைக்கு என்றும் பங்கிட்டது. எஞ்சிய 1,50,000 பேரை 1974-இல் இரு நாடுகளும் பாதி பாதியாகப் பிரித்துக்கொண்டன. எண்கள் பிரியும்போது குடும்பங்களும் பிரிந்தன. மகனுக்கு இந்தியக் கடவுச்சீட்டு, தாய்க்கு இலங்கை விண்ணப்பம். அல்லது தாய் ஒரு பட்டியலிலும் மகள் வேறொரு பட்டியலிலும். ஹட்டன் புகையிரத நிலையத்தில், தலைமன்னார் வரை செல்லும் பயணத்தின் முதல் அடியில், தாய் மகனைப் பிரிந்த காட்சிகள் எந்த வசனகர்த்தாவின் துணையுமின்றி நிகழ்ந்தன. 1974-இல் தோட்டங்களில் பஞ்சம். முதலில் பட்டினி கிடந்தவர் முதியோர். திரையில் நாயகனின் தாய் மயங்கி விழுந்தால் வைத்தியர் வருவார்; லயத்துக் கிழவிக்குத் தோட்டத்து டிஸ்பென்சரியே கதி.

போராட்டக் கதை வேண்டுமென்றாலும் கற்பனை செய்ய வேண்டியதில்லை. கோ. நடேசய்யரின் மனைவி மீனாட்சி அம்மாள் தோட்டந் தோட்டமாகச் சென்று பாடிப் பிரசாரம் செய்தவர். இந்தியர்களது இலங்கை வாழ்க்கையின் நிலைமையைப் பாட்டாக்கி 1940-இல் சிறு நூல் வெளியிட்டவர். பேச்சைக் கேட்க வராதவர்களும் பாட்டைக் கேட்க வந்தனர்.

தொலைக்காட்சி 1979-இல் இந்நாட்டுக்கு வந்தது. 1982 பெப்ரவரியில் ரூபவாகினி தொடங்கிற்று. தோட்டத்துக்கு ஒன்றிரண்டு பெட்டிகளே இருந்த காலத்தில், ஒரு காம்பராவின் வாசலில் லயம் முழுவதும் கூடிற்று. 1998-இல் சக்தி தொலைக்காட்சி பிறந்தது. பின்னர் கூரைத் தகரத்தின் மேல் வட்டத் தட்டுகள் முளைத்தன. சென்னைத் தொடர்கள் நேராக அடுப்பங்கரைக்கு வந்தன. ராதிகா நடித்து 1999-இல் தொடங்கிய 'சித்தி'யும், அதன் பின் 'மெட்டி ஒலி'யும் 'கோலங்க'ளும் வந்தன.

தொடர் நாடகம் முதிய பெண்ணுக்கு ஒன்றைக் கொடுத்தது, ஒன்றைப் பறித்தது. கொடுத்தது நேரம். இரண்டரை மணி நேரப் படத்தில் மூன்று காட்சிகளோடு மறையும் தாய், தொடரில் ஆண்டுக்கணக்கில் நாள்தோறும் பேசுகிறாள், திட்டமிடுகிறாள், தோற்கிறாள், மீள்கிறாள். வயது முதிர்ந்த நடிகைகளுக்கு நிலையான வேலை கிட்டியது சின்னத்திரையாலேயே என்பதை மறுக்க முடியாது. பறித்தது எளிமை. பட்டுச் சேலையும் நகையும் அணிந்து, சொத்தின் சாவிக்காகச் சூழ்ச்சி செய்யும் மாமியாராகவோ, எல்லாவற்றையும் பொறுக்கும் விளக்கேற்றியாகவோ அவள் பிரிந்து நின்றாள். பத்துக்குப் பன்னிரண்டு அடிக் காம்பராவில் மூன்று தலைமுறையோடு வாழும் மூதாட்டி, மாடிப்படி உள்ள மாளிகையில் மருமகளுக்கு நஞ்சு வைக்கும் மாமியாரை மாலைதோறும் பார்த்தாள். பார்த்து வைதாள், மறுநாளும் பார்த்தாள். அந்தச் சுவையை இகழ வேண்டியதில்லை. நாள் முழுதும் மலையில் நின்றவளுக்கு, தன்னைப் போலல்லாத ஒருத்தியை உரக்க வையும் உரிமை ஒரு சிறு இன்பம்.

சிங்களத் திரையில் இதே காலத்தில் தோன்றிய மாற்றத்தையும் மலையகம் கவனித்தது. 1978-இல் 'பைலட் பிரேம்நாத்' படத்தில் சிவாஜி கணேசனோடு நடித்ததால் தமிழருக்கும் அறிமுகமானவர் மாலினி பொன்சேகா. தெற்காசியத் திரையில் கதாநாயகி மூப்படைந்தால் அவளைத் தாய் வேடத்துக்கு அனுப்புவதே வழக்கம். பிரசன்ன விதானகே 2008-இல் வெளியிட்ட 'ஆகாச குசும்' வேறு வழி சென்றது. உலகம் மறந்த பழைய நடிகை சந்தியா ராணியாக மாலினி அதில் தோன்றுகிறார். வாடகைக்கு அறை கொடுத்துப் பிழைக்கிறார். தம் பழைய படத்தின் நிழலோடு வாழ்கிறார். மூப்படைந்த நடிகையின் நிலையே கதையாயிற்று. மாலினி 2025-இல் காலமானார். அதே ஆண்டின் தொடக்கத்தில் அசோக ஹந்தகமவின் 'ராணி' வெளியாயிற்று. 1990-இல் கடத்திக் கொல்லப்பட்ட பத்திரிகையாளர் றிச்சட் டி சொய்சாவின் தாயார், தமிழ்ப் பெண்மணியாகிய வைத்தியர் மனோராணி சரவணமுத்துவின் கதை அது. எழுபதைக் கடந்த சுவர்ணா மல்லவாராச்சி அவ்வேடத்தைத் தாங்கினார். மகனை இழந்த தாய் என்றாலும், அவள் பழைய படத் தாயைப் போல் அழுது ஓய்பவள் அல்லள்.

தேயிலைத் தோட்டத்தைத் தமிழ்த் திரை மீண்டும் திரும்பிப் பார்த்தது 2013-இல். அவ்வாண்டு இரு படங்கள் வந்தன. பாலாவின் 'பரதேசி' தென்னிந்தியத் தோட்டத்துக்கு ஆள் பிடித்துச் சென்ற கொடுமையைச் சொல்லிற்று. அதில் நாயகனை வளர்த்த பாட்டி மலைக்குப் போகவில்லை. வறண்ட ஊரிலேயே தங்கிவிடுகிறாள். அவளது வசவும் பாசமும் நிறைந்த பேச்சு படத்தின் முதற் பாதிக்கு உயிர். இலங்கையில் சுமதி சிவமோகன் 'இங்கிருந்து' படத்தை எடுத்தார். மலையகத்தின் வாழ்வையும் நாடற்ற நிலையின் நினைவையும் பொருளாகக் கொண்ட அப்படம் ஒரே நாயகனைப் பின்தொடர்ந்து ஓடுவதில்லை. மலையகத்தைக் காட்சிப் பொருளாக வைக்காமல் அங்கிருந்து பேச முயன்றதே அதன் சிறப்பு. இவற்றுக்குப் பின் 2015-இல் 'காக்கா முட்டை' திரைக்கு வந்தது. பேரப் பிள்ளைகளின் ஆசைக்காகத் தோசைக் கல்லில் பீட்சா செய்து பார்க்கும் சென்னைக் குடிசைப் பாட்டியைக் கண்டு மலையகத்தார் பலர் சிரித்திருப்பர், அடையாளங் கண்டுமிருப்பர்.

ஏனெனில் இன்று லயங்களில் பேரப் பிள்ளைகளை வளர்ப்பவள் பெரும்பாலும் பாட்டியே. மகள் மத்திய கிழக்கு நாட்டில் வீட்டு வேலைக்குப் போயிருப்பாள், அல்லது கொழும்பில் ஆடைத் தொழிற்சாலையில் இருப்பாள். பெண்ணுக்கு ஐம்பது வயதில் சேமலாப நிதி கைக்கு வரும். வீட்டுத் திருத்தமும் பேத்தியின் சடங்கும் அதை விழுங்கிவிடும். மறுபடி கூடையை எடுத்துக் கைக்காசுக்குக் கொழுந்தெடுக்கப் போவாள். மாலையில் பிள்ளைகளின் பாடசாலைக் கொப்பியைப் புரட்டிப் பார்ப்பாள். எழுத்துத் தெரியாவிட்டாலும் சிவப்பு மை எத்தனை இடத்தில் உள்ளது என்று எண்ணுவாள். இந்த மூதாட்டி இன்னும் எந்தத் தொடரின் நடுவிலும் அமரவில்லை.

விளம்பரக்காரரும் சினிமாக்காரரும் பாராத அவளை ஒரேயொரு கருவி மட்டும் நேருக்கு நேர் பார்த்திருக்கிறது. பட்டினத்து ஸ்டூடியோவில் அடையாள அட்டைக்காக எடுக்கும் படம் அது. அறுபதுகளிலும் எழுபதுகளிலும் கடவுச்சீட்டுக்காகவும் பிரஜாவுரிமை விண்ணப்பத்துக்காகவும் ஹட்டனிலும் நுவரெலியாவிலும் இந்தப் படங்கள் எடுக்கப்பட்டன. 2003-ஆம் ஆண்டுச் சட்டம் இந்திய வம்சாவளியினருக்குப் பிரஜாவுரிமை வழங்கியபோது, வாழ்நாள் முழுதும் எந்த நாட்டுக்கும் உரியவளாக எழுதப்படாத பல பாட்டிமார் மறுபடி அந்த ஸ்டூடியோ படிகளில் ஏறினர். கூடையும் கம்பளியும் வீட்டில் இருக்கும். பெட்டியடியிலிருந்து எடுத்த நல்ல சேலை, எண்ணெய் வைத்து வாரிய நரை. இவள் சிரிப்பதில்லை, சிரிக்கக் கூடாதென்பது அரசாங்க விதி. படம் எடுப்பவர் நாடியைச் சற்று உயர்த்தச் சொல்ல, அவள் முந்தானையை நேராக்கிக்கொண்டு கண்ணை இமைக்காமல் பார்க்கிறாள்.